கிழக்கே பார்த்த பீடம்

கொஞ்சம் தள்ளி உட்காருங்கள் தாயி. ஒரு நிலையில் உட்கார முடியவில்லை, உங்கள் மேல் இடித்துவிடப் போகிறேன். கோபம். இல்லை, கோபம் என்றும் சொல்லக்கூடாது. நான் கோபப்படுகிற மனுஷி கிடையாது. எங்கள் ஊரில் யாரை வேண்டுமானாலும் கேட்டுப்பாருங்கள், சுடலைவடிவு சத்தம் போட்டுப் பேசி யாராவது கேட்டதுண்டா என்று. அஞ்சாம் வகுப்போடு சரி என் படிப்பு. ஆனாலும் காலையில் குளித்து, நெற்றிக்குத் திருநீறு பூசி, தெரிந்த நாலு பாட்டைச் சொல்லாமல் பச்சைத் தண்ணீர் பல்லில் படாது. இன்றைக்கு அதைக்கூடச் சொல்லவில்லை. அள்ளி முடிந்துகொண்டு ஓடி வந்து பஸ் ஏறினேன்.

என் மகன் கடப்பாரையோடு மலைக்குப் போயிருக்கிறான். எதற்கு என்று கேளுங்கள். அம்மன் பீடத்தை உடைப்பதற்கு. பெற்ற மகன். அவன் கை ஓங்குவதற்குள் நான் போய்ச் சேர வேண்டும். இந்த பஸ்ஸானால் புள்ளத்தாச்சி மாதிரி நின்று நின்று போகிறது.

நீங்கள் எதுவரைக்கும்? ஆர்ச்சு வரைக்குமா. நானும் அங்கேதான். அப்படியானால் அந்த ரிசார்ட்டுக்குத்தான் போகிறீர்கள். சொல்லுங்கள், அதில் என்ன இருக்கிறது, கூச்சப்படாதீர்கள். ஆபீஸ் ஆட்கள் எல்லாரும் வேனில் முன்னாலேயே போய்விட்டார்களாக்கும். சொந்த அருவி என்று போர்டு வைத்திருப்பான், பார்த்திருப்பீர்கள். அருவியைச் சொந்தம் என்று எழுதி வைக்கிறவனை நான் இந்த ஜென்மத்தில்தான் பார்க்கிறேன். அவன் கட்டை வேக. சீ, அப்படிச் சொல்லக்கூடாது. அம்மா தாயே, என் வாயில் இருந்து அது வரவில்லை. நீங்களும் கேட்கவில்லை.

ஆனால் ஒன்று சொல்கிறேன் தாயி, வருத்தப்படக்கூடாது. இன்றைக்கு நீங்கள் தலையைக் கொடுத்து நிற்கப்போகிறீர்களே, அந்தத் தண்ணீர் எங்கள் நாற்றங்கால். எங்கள் கார் நெல் நடவு. எங்கள் ஊர்ப் பெண்கள் பிள்ளைப்பேறு முடிந்து முதல் முதலாகத் தலைக்கு ஊற்றிக்கொள்கிற தண்ணீர். அதை நீங்கள் சோப்புப் போட்டுக் குளிக்கப்போகிறீர்கள். உங்களைச் சொல்லவில்லை. பொதுவாகச் சொன்னேன்.

எங்கள் ஆறு பெரிய ஆறெல்லாம் இல்லை. நறுவிலியாறு என்று பெயர். பேர் கேட்டிருக்க மாட்டீர்கள். காலையில் மலையில் புறப்பட்டால் மத்தியானச் சாப்பாட்டுக்குள் எங்கள் பெரிய குளத்தில் வந்து படுத்துவிடும். அவ்வளவுதான் அதன் நடை. கடலைப் பார்த்ததில்லை, பார்க்கவும் ஆசைப்படவில்லை. மேலே கவட்டை என்று ஒரு இடம். மரத்தில் கிளை இரண்டாகப் பிரியுமே, அந்த மாதிரி தண்ணீர் ஒரு பாறையில் வந்து முட்டி இரண்டாகப் பிரியும். இடது பக்கம் போகிற தண்ணீர் தட்டருவியில் விழுந்து, அப்புறம் மஞ்சளருவியில் விழுந்து, எங்கள் ஆறாக வரும். வலது பக்கம் ஒரு கழிவோடை. வெள்ளம் மிஞ்சினால் அதில் போகும், இல்லாவிட்டால் காய்ந்து கிடக்கும். அந்த ஓடை இறங்குகிற இடத்தில் முன்னே கிராம்புத் தோட்டம் இருந்தது. அதைத்தான் இவன் வாங்கி ரிசார்ட்டு ஆக்கினான்.

எங்கள் வீட்டுக்குக் கல்லு வைக்கிற வீடு என்று பெயர். என் மாமனார், அவருக்கு முன்னால் அவர் அப்பா, அப்புறம் என் வீட்டுக்காரர். ஆனி மாதம் முதல் சாரல் விழுந்ததும், எங்கள் வீட்டு ஆம்பிளை ஒருத்தர் விரதம் இருந்து மேலே போவார். கவட்டையில் சேர்ந்து கிடக்கிற சருகை எல்லாம் அள்ளிப் போட்டுவிட்டு, வலது வாயில், அந்தக் கழிவோடை தொடங்குகிற இடத்தில், ஒரு கல்லைத் தூக்கி வைப்பார். ஆட்டுக்கல் குழவியை விடப் பெரிதாக இருக்கும். மஞ்சள் பூசி, ஒரு கை அரிசி போட்டு, சூடம் காட்டுவார். அவள்தான் பாறையம்மன். அவள் அங்கே உட்கார்ந்துவிட்டால் சின்னத் தண்ணீர் எல்லாம் இடது பக்கம் எங்களுக்கு. வெள்ளம் வந்தால் அவளைத் தாண்டி அந்தப் பக்கம். ஐப்பசி வெள்ளத்தில் கல் உருண்டு எங்கேயாவது போய்விடும். அடுத்த ஆனிக்கு மறுபடியும் தேடி எடுத்து வைக்க வேண்டும்.

நாற்பது வருஷம் அந்த வீட்டில் வாழ்ந்திருக்கிறேன். பீடம் வரும் வரைக்கும் ஒரு தடவைகூடக் கவட்டையை நான் பார்த்ததில்லை. பொம்பளைகள் போகக்கூடாது. ஏன் என்று கேட்டால் வழுக்கும் என்பார்கள். விரதச் சாப்பாடு சமைக்க நான் வேண்டும், மஞ்சள் அரைத்துக் கொடுக்க நான் வேண்டும், அரிசி அளந்து முடிந்து கொடுக்க நான் வேண்டும். போய்விட்டு உள்ளங்கை எல்லாம் உரிந்து வருவாரே, அதற்கு எண்ணெய் போட நான் வேண்டும். அம்மன் முகத்தைப் பார்க்க மட்டும் நான் வேண்டாம்.

இன்னொன்று சொல்கிறேன், யாரிடமும் சொன்னதில்லை. சில வருஷம் தேடினால் பழைய கல் கிடைக்காது. அப்போது என்ன செய்வீர்கள் என்று என் வீட்டுக்காரரிடம் கேட்டேன். அதே தண்டியில் வேறு ஒன்றைப் பார்த்து மஞ்சளைப் பூசிவிடுவேன் என்றார். அப்போ போன வருஷம் வரைக்கும் இருந்தவள் எங்கே என்றேன்.

"வெளையாடப் போயிருக்கா. அலுத்தா எங்கியாவது நின்னுக்கிடுவா. நீ சோத்தப் போடுட்டி" என்றார் அந்த மனுஷன்.

சாமியைப் பற்றிப் பேசுகிற பேச்சா அது. அவர் போய் எட்டு வருஷம் ஆகிறது. அதற்குப் பிறகு என் மகன் பலவேசம் போனான். அவன் எப்படிப் போனான் தெரியுமா? அரைக்கால் சட்டையும் செல்போனுமாகப் போனான். விரதம் உண்டா என்றால் டீ மட்டும்தான் குடித்தேன் என்பான். சாமிக்காகப் போகிறானா, சாக்கடை குத்தப் போகிறானா என்று எனக்கே சந்தேகம் வரும். இந்த லட்சணத்தில் அம்மன் எத்தனை நாள் உருண்டுகொண்டு இருப்பாள்? நான் தினமும் விளக்கு முன்னால் உட்கார்ந்து கேட்டேன், தாயே, உனக்கு ஒரு நிலையான இடம் அமையாதா என்று.

கேட்ட மாதிரியே ஒருத்தி வந்தாள். ரிசார்ட்டுக்காரனின் அம்மா, ரெங்கநாயகி. மதுரைப் பக்கம். நல்ல மனுஷி. அந்தம்மாவை நான் ஒரு வார்த்தை சொல்ல மாட்டேன். அவள் பெற்றதுதான் சரியில்லை, அதற்கு அவள் என்ன செய்வாள். காரை விட்டு இறங்கி, செருப்பை வாசலில் போட்டுவிட்டு, என் வீட்டுத் தரையில் உட்கார்ந்தாள். பட்டுச்சேலை. தரையில். என் மருமகள் முப்பிடாதி இன்றைக்கு வரைக்கும் அந்தச் சேலையைப் பற்றித்தான் பேசுகிறாள், அவ்வளவு விலையில் கட்டினவள் நம்ம வீட்டுத் தரையில் சும்மா உட்காருவாளா அத்தை என்று. அவள் புத்தி அப்படி.

ரெங்கநாயகி அழுதாள். கண்ணீர் விட்டாள் தாயி. "ஒரு பொம்பளை, இப்படி வருஷா வருஷம் வெள்ளத்தில அநாதையா உருண்டு கெடக்கலாமாக்கா" என்று கேட்டாள். என் மனசில் நாற்பது வருஷமாக இருந்த கேள்வி அது. என் வீட்டு ஆம்பிளை ஒருத்தருக்குத் தோன்றவில்லை, எங்கேயோ மதுரையில் இருந்து வந்தவளுக்குத் தோன்றியது. சிமெண்டில் ஒரு பீடம் கட்டி அம்மனை உட்கார வைத்துவிடலாம் என்றாள். ரிசார்ட்டுப் பக்கமாகப் படி வெட்டி, கம்பி போட்டு, பெண்கள் ஏறுகிற மாதிரி பாதையும் போட்டுத் தருகிறோம் என்றாள்.

பெண்கள் ஏறுகிற மாதிரி. அந்த வார்த்தையைக் கேட்டதும் எனக்கு உடம்பெல்லாம் சிலிர்த்துவிட்டது.

பலவேசம் வேண்டாம் என்றான். அவன் எதற்குத்தான் சரி என்றிருக்கிறான். நான் சாமியிடமே கேட்டுவிடலாம் என்று பூக்கட்டிப் பார்த்தேன். வெள்ளைப்பூ ஒரு பொட்டலம், சிவப்புப்பூ ஒரு பொட்டலம். வெள்ளை வந்தால் உத்தரவு. பக்கத்து வீட்டுச் சின்னப்பிள்ளையை எடுக்கச் சொன்னேன், சிவப்பு வந்தது. பிள்ளை விளையாட்டுப் புத்தியில் அவசரமாக எடுத்துவிட்டது, அது கணக்கில்லை. மறுபடியும் குலுக்கி வைத்தேன். வெள்ளை வந்தது. அப்புறம் என்ன.

போன வருஷம் மாசி மாதம் அந்தப் படியில் ஏறி நான் முதல் முதலாகக் கவட்டையைப் பார்த்தேன். என்ன சொல்ல. இதற்கா இத்தனை வருஷம் வழுக்கும் வழுக்கும் என்றார்கள் என்று இருந்தது. தண்ணீர் வந்து முட்டி இரண்டாகப் போவதைப் பார்த்துக்கொண்டே நின்றேன். ரெங்கநாயகி என் கையைப் பிடித்துக்கொண்டாள். எஞ்சினியர் ஒரு பையன் வந்திருந்தான், மரியாதையான பையன். கரையில் மரத்தடியில் பீடம் போட்டுவிடலாம்மா என்றான். அங்கே போட்டால் சாமி எந்தத் திக்கைப் பார்க்கும் என்று கேட்டேன். வடக்கே பார்க்கும், கிழக்கே பெரிய பாறை மறிக்கிறது என்றான். எங்காவது அம்மனை வடக்கே பார்த்து வைப்பார்களா, நான் ஒத்துக்கொள்ளவில்லை. அப்படியானால் அவள் இருக்கிற வலது வாயிலேயே கட்டிவிடு என்றேன். அங்கேயும் எதிரே பாறைதான் என்றான். அளந்து பார்த்துவிட்டு, கிழக்குத் திறந்து கிடக்கிற இடம் இடது வாய் ஒன்றுதான் இருக்கிறதும்மா, ஆனால் அங்கே போட்டால் என்று ஏதோ இழுத்தான். ஒரு ஆனாலும் வேண்டாம், அங்கேயே போடு என்றேன். அவன் தள்ளிப் போய் முதலாளிக்குப் போன் பேசினான். வரும்போது சிரித்துக்கொண்டே வந்தான். நீங்க சொன்னபடியே செய்யச் சொல்லிட்டாரும்மா என்றான். பார்த்தீர்களா, அவ்வளவு மரியாதை கொடுத்தார்கள். என் வீட்டில் எந்த அடுப்புக்கட்டியை எங்கே வைப்பது என்றுகூட என்னைக் கேட்டதில்லை.

ஆக வலது வாயில் இருந்த அம்மனைத் தூக்கி இடது வாயில் வைத்தோம். நாலடி தூரம். வெறும் நாலடிதான் தாயி. நாலடிக்கு ஒரு ஆறு கோபித்துக்கொள்ளுமா?

பங்குனியில் கும்பாபிஷேகம். ஊரே வந்தது. இன்றைக்கு என்னை முறைக்கிற அத்தனை பேரும் வந்தார்கள். சாம்பார் சாதம், கேசரி, வடை, இரண்டு தடவை வாங்கித் தின்றவர்கள் பேரெல்லாம் எனக்குத் தெரியும். முளைக்கொட்டுக் கும்மி அடித்தார்கள், குலவை போட்டார்கள். அப்போது ஒருத்தராவது சொன்னார்களா, இடம் மாறுகிறதே வடிவு என்று? சொல்லவில்லை. வாயில் வடை இருந்தால் எப்படிச் சொல்ல முடியும்.

போன வருஷம் நல்ல சாரல். இரண்டு பக்கமும் தண்ணீர் போனது, யாருக்கும் ஒன்றும் தெரியவில்லை. இந்த வருஷம் சாரல் நூல் மாதிரிதான் விழுகிறது. அந்த நூலும் அவ்வளவும் வலது பக்கம் போகிறது. ரிசார்ட்டுக்காரன் அருவியில் மட்டும் தண்ணீர் விழுகிறது, லைட்டுப் போட்டிருக்கிறான், பாட்டுப் போட்டிருக்கிறான். எங்கள் தட்டருவி பாசி காய்ந்து கரிச்சட்டி மாதிரி நிற்கிறது. மஞ்சளருவியில் குரங்குகூட வருவதில்லை. ஆனி போய் ஆடி பிறந்துவிட்டது, ஆற்றில் பையன்கள் கிரிக்கெட் விளையாடுகிறார்கள்.

எல்லாரும் பீடத்தைச் சொல்கிறார்கள். என்ன அநியாயம் பாருங்கள். என் இடுப்பு உயரம்கூட இல்லை அந்தப் பீடம். நான் வெள்ளிக்கிழமை தோறும் போகிறேன், எனக்குத் தெரியாதா. அபிஷேகம் செய்யும்போது பீடத்துக்குப் பின்னால் தண்ணீர் வந்து சலனமில்லாமல் கண்ணாடி மாதிரி தேங்கி நிற்கும். விளக்குச் சுடர் அதில் தெரியும். அம்மன் காலைத் தொட்டுக்கொண்டு தண்ணீர் கும்பிட்டு நிற்கிற மாதிரி இருக்கும். அதைப் பார்த்து எத்தனை தடவை அழுதிருக்கிறேன். நின்று கும்பிடுகிற தண்ணீரை மறித்து வைத்திருக்கிறது என்று சொன்னால் அந்த வாய் என்ன வாய்?

ஊர்க்காரர்கள் பத்துப் பேர் ரிசார்ட்டுக்குப் போனார்கள் கேட்க. அவன் எல்லாருக்கும் டீ கொடுத்து, நான் ஒரு கல்லைக்கூட நகர்த்தவில்லை, உங்கள் ஊர்க் கல்லு வைக்கிற வீட்டம்மா காட்டின இடத்தில்தான் பீடம் இருக்கிறது, சந்தேகம் இருந்தால் அவர்களைக் கேளுங்கள் என்று சொல்லி அனுப்பிவிட்டான். என் பெயரை இழுத்தான் தாயி. பொய் சொல்லியிருந்தால்கூட எனக்கு இவ்வளவு எரிந்திருக்காது.

அன்றைக்குச் சாயங்காலம் குழாயடிக்குப் போனேன். பேச்சு நின்றுவிட்டது. யாரோ ஒருத்தி, குரல் தெரியும், பெயர் வேண்டாம், கிழக்கே பார்த்த வீட்டம்மா வந்தாச்சு, குடத்தை நகட்டுங்கட்டி என்றாள். எல்லாரும் சிரித்தார்கள். பாதிக் குடத்தோடு வந்துவிட்டேன். வீட்டுக்கு வந்து விளக்கேற்றி, அவளுக்கும் நல்ல புத்தி கொடு என்று வேண்டிக்கொண்டேன். மறுநாள் அவளுக்கு வழுக்கி விழுந்து கை பிசகிவிட்டது. அதற்கும் எனக்கும் சம்பந்தமில்லை.

அப்புறம் ஒரு ஆபீசர் வந்தார். பலவேசம்தான் மனு எழுதிப்போட்டு வரவழைத்தான். மேலே ஏறி வந்து, பூட்ஸைக் கழற்றி வைத்துவிட்டு, பீடத்தை மூன்று தடவை சுற்றிக் கும்பிட்டார். நான் குங்குமம் கொடுத்தேன், சுண்டல் கொடுத்தேன். சாந்நித்தியமான இடம்மா என்றார். இயற்கையாகவே நீர்ப்போக்கு மாறியிருக்கிறது என்று எழுதிக்கொண்டு போய்விட்டார். அவர் எழுத வேண்டியது என்ன? அந்த ரிசார்ட்டை மூடு என்றல்லவா எழுத வேண்டும்? கம்பி வேலியைப் பிடுங்கு, லைட்டைப் பிடுங்கு என்றல்லவா எழுத வேண்டும்? சாமியை விட்டுவிட்டு மற்ற எல்லாவற்றையும் பிடுங்கட்டும், யார் வேண்டாம் என்றது. இந்த மகன் அதைக் கேட்கவில்லை. எனக்கும் உறைக்கட்டும் என்று ஆபீசரிடம் கத்தினான், சாமியை ஓடைக்குள் வைத்திருக்கிறது கண்ணுக்குத் தெரியவில்லையா சார் என்று. ஆபீசர் என்னைப் பார்த்தார். நான் தலையைக் குனிந்துகொண்டேன். சாமி இருக்கிற இடத்தில் அப்படிக் கத்தலாமா?

அன்றைக்கு இருந்து வீட்டில் பேச்சில்லை. முப்பிடாதி மட்டும் பாத்திரம் கழுவும்போது, என்னிடம் இல்லை, பாத்திரத்திடம் பேசுகிற மாதிரி, "அம்மன் கெழக்க பாத்தாச்சு. நாமதான் இனி எதப் பாக்கன்னு தெரியல" என்பாள். வாய் அப்படி. கெட்டவள் இல்லை. என் கால்வலிக்கு அவள்தான் தைலம் தேய்ப்பாள், தேய்த்துக்கொண்டே பேசுவாள்.

நேற்று மத்தியானம். நான் சாமி அலமாரி முன்னால் உட்கார்ந்திருந்தேன். பலவேசம் வயலில் இருந்து வந்தான், கையில் ஒரு பிடி நாற்று. கார் நடவுக்குக் கிணற்றுத் தண்ணீரை அள்ளி அள்ளி ஊற்றி வளர்த்த நாற்று தாயி. வைக்கோல் மாதிரி இருந்தது. என்னைத் தாண்டிக் கையை நீட்டி, விளக்குப் பக்கத்தில் பூ வைக்கிற இடத்தில் அதை வைத்தான்.

"எம்மா, நீ வெள்ளிக்கெழம வெள்ளிக்கெழம வெளக்குப் போடுதது சாமிக்கு இல்ல. அணைக்கட்டுக்கு" என்றான்.

கையை ஓங்கினேன். அடிக்கவில்லை. பட்டிருக்கலாம். முப்பத்தோரு வயசுப் பிள்ளை, அவன் ஆறு வயசில்கூட நான் கை நீட்டினதில்லை. அவன் கன்னத்தைத் தடவிக்கொண்டு நாளைக்கு அதை எடுக்கப் போகிறேன் என்றான். பீடத்தில் கை வைத்தாயானால் உன் முகத்தில் விழிக்க மாட்டேன், பாறையம்மன் மேல் ஆணை என்று சொல்லிவிட்டேன். விளக்கு எரிந்துகொண்டிருந்தது. விளக்கு முன்னால் சொன்ன வார்த்தை. திருப்பி எடுக்க முடியாது.

சும்மா பேச்சு, போக மாட்டான் என்றுதான் நினைத்தேன். இன்றைக்குக் காலையில் கோலம் போட்டுவிட்டு உள்ளே வந்தால் தொழுவத்து மூலையில் கடப்பாரையைக் காணோம். முப்பிடாதி அடுப்படியில் நின்று எதையோ கிண்டிக்கொண்டிருந்தாள். எங்கேட்டி அவன் என்றேன். திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

"கல்லு வைக்கப் போயிருக்காவ" என்றாள்.

நான் என்ன செய்யப்போகிறேன் தெரியுமா? நேரே போய்ப் பீடத்தின் மேல் ஏறி உட்கார்ந்துவிடப் போகிறேன். என்னை இடித்துவிட்டு அப்புறம் அதை இடி என்று சொல்லப்போகிறேன். செய்வானா? செய்ய மாட்டான். நாற்பது வருஷம் அடுப்படியில் இருந்து கும்பிட்டவள் நான். இப்போதுதான் ஒன்றரை வருஷமாக அவளைக் கையால் தொட்டுக் குளிப்பாட்டுகிறேன். பீடம் போனால் படிக்கு வேலை இல்லை. ரிசார்ட்டுக்காரன் கம்பிக் கதவைப் பூட்டிவிடுவான். மறுபடியும் நான் மஞ்சள் அரைத்துக் கொடுத்துவிட்டு வாசலைப் பார்த்துக்கொண்டு இருக்க வேண்டியதுதான். அது யாருக்காவது தோன்றுகிறதா? தண்ணீர் தண்ணீர் தண்ணீர். எல்லாரும் தண்ணீரைத்தான் பேசுகிறார்கள்.

ஏன் பஸ் நிற்கிறது? இது ஸ்டாப்பு இல்லையே. பாலம். நம்ம நறுவிலியாற்றுப் பாலம்தான். டிரைவர் எதற்கு எழுந்து நிற்கிறார்? எல்லாரும் ஏன் இந்தப் பக்கம் வந்து விழுகிறார்கள், யாரய்யா அது, காலை மிதிக்காதீர்கள். நீங்கள் கொஞ்சம் எட்டிப் பாருங்கள் தாயி, எனக்கு மறைக்கிறது.

என்ன வருகிறது?

நகருங்கள். நகருங்கள், நான் பார்க்கிறேன்.

ஆமாம். சருகைத் தள்ளிக்கொண்டு வருகிறது. நுரையும் சருகுமாக, பாம்பு மாதிரி வழி தேடித் தேடி வருகிறது. அந்தப் பையன்கள் ஸ்டம்பைத் தூக்கிக்கொண்டு கரைக்கு ஓடுகிறார்கள், பார்த்தீர்களா.

உடைத்துவிட்டான்.

பாவி. உடைத்துவிட்டான்.

இருங்கள், முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொள்கிறேன்.

இல்லை, அழவில்லை. கண்ணில் தூசி. பீடத்தால்தான் தண்ணீர் நின்றது என்று இப்போதும் நான் ஒப்புக்கொள்ள மாட்டேன். அவள் மனசு வைத்திருக்கிறாள். அந்த நேரம் பார்த்து இவன் கடப்பாரையைப் போட்டிருக்கிறான், அவ்வளவுதான். பேர் இவனுக்கு. தண்ணீர் நிறம் பாருங்கள், புது மண்ணோடு. நாற்றங்காலுக்கு எட்டிவிடும். மத்தியானத்துக்குள் எட்டிவிடும். முப்பிடாதி வாய்க்கால் மடையைத் திறந்து வைத்திருப்பாளோ என்னவோ, அவளுக்கு அந்தப் புத்தி உண்டு. நான் கிளம்பும்போதே மண்வெட்டி வாசலில் கிடந்தது.

பஸ் கிளம்பிவிட்டதா. இன்னும் ஐந்து நிமிஷத்தில் ஆர்ச்சு வந்துவிடும்.

தாயி, இந்தத் தண்ணீர் இங்கே வந்தது என்றால் அங்கே நின்றிருக்கும். உங்கள் அருவியில் இப்போது சொட்டுக்கூட விழாது. பாட்டு மட்டும் ஓடிக்கொண்டிருக்கும். அவன் ஆட்கள் குச்சியையும் கம்பையும் எடுத்துக்கொண்டு அந்தப் படியில் ஏறக் கிளம்பியிருப்பார்கள். அங்கே என் பிள்ளை ஒற்றை ஆளாக நிற்பான். ஓடத் தெரியாது அவனுக்கு. அவன் அப்பாவைப் போல. நின்று பதில் சொல்வான்.

கேளுங்கள். இதைக் கொஞ்சம் கவனமாகக் கேளுங்கள். அந்தக் கல்லை வைக்கிற உரிமை எங்கள் வீட்டுக்கு. எடுக்கிற உரிமையும் எங்கள் வீட்டுக்குத்தான். இப்போது வீட்டுக்குப் பெரியவள் நான். ஆக எடுத்தது நான். பீடம் எந்த இடத்தில் என்று காட்டினவள் நான்தான் என்று அவனே ஊருக்கெல்லாம் டீ கொடுத்துச் சொல்லியிருக்கிறான் இல்லையா, அப்படியானால் இதையும் அவன் கேட்டுக்கொள்ள வேண்டியதுதான். சுடலைவடிவு வைத்தாள், சுடலைவடிவு எடுத்தாள். மகனைத் துணைக்கு அழைத்துக்கொண்டு போனாள். போலீஸ் வந்தாலும் அதுதான், ரெங்கநாயகி வந்து தரையில் உட்கார்ந்தாலும் அதுதான்.

நான் பொய் பேசினதில்லை தாயி. விளக்கேற்றுகிற கை. ஆனால் ஆர்ச்சில் வாச்மேன் நிற்பான். என்னை அவனுக்கு நன்றாகத் தெரியும், வெள்ளிக்கிழமை தோறும் பார்க்கிறவன். அதனால் நான் ஆர்ச்சில் இறங்க மாட்டேன், அதற்கு முந்தின வளைவில் இறங்கி, கிராம்புத் தோட்டத்துப் பழைய வழியில் ஏறுவேன். வழுக்கும் என்பார்கள். வழுக்கட்டும். அவர்கள் சுற்றிப் படியேறி வருவதற்குள் நான் அங்கே நிற்பேன்.

அவன் முகத்தில் விழிக்க மாட்டேன் என்று ஆணையிட்டிருக்கிறேன், அதில் மாற்றமில்லை. அவனுக்கு முன்னால் போய், முதுகைக் காட்டிக்கொண்டு நிற்பேன். அப்படி நின்றால் அவன் முகம் எனக்குத் தெரியாது. வருகிறவர்களுக்கும் அவன் முகம் தெரியாது.

கண்டக்டர் தம்பி, வளைவில் ஒரு ஆள் இறங்க வேண்டும்.

உங்களை யாராவது கேட்டால், நான் இந்த பஸ்ஸில் வரவில்லை. உங்கள் பக்கத்தில் யாரும் உட்காரவில்லை. நான் விடிந்ததும் மேலே போனவள். காலைக் கொஞ்சம் மடக்குங்கள் தாயி, இறங்கிக்கொள்கிறேன்.